திறந்த கதவும் திறவாத கதவும்
மெனோட்டியின் இசை நாடக எழுத்து குறித்து ஒரு சிந்தனை

1951ஆம் ஆண்டு டிசம்பர் 24ஆம் நாள் இரவு, நியூயார்க் மாநகரில் உள்ள என்.பி.சி. நிறுவனத்தின் ஒளிபரப்பு அரங்கிலிருந்து, ஒரு மணி நேரத்திற்கும் குறைவான இசை நாடகம் ஒன்று நேரடியாக ஒளிபரப்பாயிற்று. 35 நிலையங்கள் அதனை எடுத்து வழங்கின. ஏறத்தாழ 50 இலட்சம் மக்கள் தத்தம் இல்லங்களில் அமர்ந்து அதனைக் கண்டதாக மதிப்பிடப்பட்டது. அமெரிக்காவில் தொலைக்காட்சிக்கென்றே எழுதப்பெற்ற முதல் ஓபரா அதுவே. ‘அமாலும் இரவு விருந்தினரும்’ என்பது அதன் பெயர். சொல்லும் இசையும் ஒருவருடையவே. அவர் இத்தாலியில் பிறந்து அமெரிக்காவில் வாழ்ந்த ஜான் கார்லோ மெனோட்டி.

இசைவல்லார் மெனோட்டியைப் பற்றிப் பேசும்போது பெரிதும் அவருடைய பண்களைப் பற்றியே பேசுவர். அது அவர்கள் துறை. நாம் இங்கு எண்ண விழைவது அவருடைய சொற்களைப் பற்றி. அவர் படைத்த மாந்தரைப் பற்றி. அம்மாந்தர் கேட்கும் கேள்விகளைப் பற்றி. ஓபராவின் பாடல் உரையை இத்தாலியர் ‘லிப்ரெட்டோ’ என்பர். சிறு நூல் என்பது அதன் பொருள். பொதுவாக இச்சிறு நூலை ஒருவர் எழுத, மற்றொருவர் இசையமைப்பார். மோட்சார்ட்டுக்கு லொரென்ஸோ தா பொன்தே எழுதினார். முதிய வயதில் வெர்டிக்கு ஆரிகோ பொயித்தோ எழுதினார். ஜெர்மானியராகிய வாக்னரைப் போலவே மெனோட்டியும் இரண்டையும் தாமே செய்தார். பெரும்பாலும் தம் நாடகங்களைத் தாமே இயக்கவும் செய்தார். அன்றியும், தம் நண்பர் சாமுவேல் பார்பருக்கு ‘வனெஸ்ஸா’ என்னும் ஓபராவின் உரையை எழுதித் தந்தார். 1958இல் அரங்கேறிய அந்த ஓபராவின் இசைக்காகப் பார்பர் புலிட்சர் பரிசு பெற்றார். ஆகவே மெனோட்டியை எழுத்தாளர் என்ற அளவில் தனியே எடுத்து ஆராய்வது முறையானதே.

கூத்துப் பாட்டில் கதை நடப்பதைக் கண்டு பழகிய நமக்கு, பாட்டாலேயே ஒரு கதை முழுவதும் நடப்பது விந்தையன்று. நல்ல கூத்துப் புலவர் அறிந்த உண்மையை மெனோட்டியும் அறிந்திருந்தார்: பாடப்படும் சொல் எளிதாக இருத்தல் வேண்டும், ஒருமுறை கேட்டதும் விளங்க வேண்டும், பாத்திரம் தன் மனத்தை அலசிப் பேசிக்கொண்டிருப்பதைக் காட்டிலும் ஒன்றைச் செய்ய வேண்டும். அவர் உரைகளைப் படித்துக்கொண்டே வரும்போது, ஒரு செயல் மீண்டும் மீண்டும் வருவதைக் காண்கிறோம். யாரோ ஒருவர் கதவின் முன் நிற்கிறார். கதவு திறக்கிறது, அல்லது திறக்க மறுக்கிறது. இந்த ஒரு செயலைப் பற்றிக்கொண்டு அவருடைய எழுத்துலகினுள் செல்வது இக்கட்டுரையின் நோக்கம்.

வாழ்வும் நம்பிக்கையும்

மெனோட்டி 1911ஆம் ஆண்டு ஜூலை 7ஆம் நாள், வட இத்தாலியின் ஏரிப் பகுதியில் கதெல்யானோ என்னும் சிற்றூரில் பிறந்தார். மிலானில் இளம் வயதிலேயே இசை பயின்றார். 1928இல் அமெரிக்காவின் பிலடெல்பியா நகரத்து கர்ட்டிஸ் இசைக் கல்விக்கூடத்தில் சேர்ந்தார். பார்பரின் நட்பு அங்கு அமைந்தது. 1958இல் இத்தாலியின் ஸ்பொலேத்தோ நகரில் ‘இரு உலகங்களின் விழா’ என்னும் கலைவிழாவைத் தொடங்கினார். 2007ஆம் ஆண்டு பிப்ரவரி 1ஆம் நாள் மொனாக்கோவில் காலமானார்.

சிறுவயதில் அவருக்குக் கால் ஊனம் இருந்தது. வரேசே நகருக்கு அருகிலுள்ள திருமலை என்னும் அன்னை மரியாவின் திருத்தலத்திற்கு அழைத்துச் செல்லப்பெற்று, ஆசீர் பெற்றபின் கால் நலமுற்றதாக அவரே கூறியிருக்கிறார். வளர்ந்தபின் அவர் திருச்சபையின் நடைமுறை வாழ்விலிருந்து விலகினார். ஆயினும் சமயம் பற்றிய வினாக்கள் தம்மை விடாது தொடர்வதை மறைத்தவர் அல்லர். நம்பிக்கையை இழந்துவிட்ட ஒருவர், நம்பிக்கை தந்த நலத்தை மறக்க இயலாதவராய் எழுதிய எழுத்து இது. இதனை மனத்திற்கொண்டு படித்தால்தான் இவர் நாடகங்களில் ஏன் புதுமையும் ஐயமும் ஒரே வீட்டில் குடியிருக்கின்றன என்பது விளங்கும்.

இவருடைய ஒளிபரப்புப் பணி தொலைக்காட்சிக்கு முன்னரே தொடங்கிற்று. 1939இல் என்.பி.சி. வானொலிக்கென ‘முதுகன்னியும் திருடனும்’ என்னும் நகைச்சுவை ஓபராவை எழுதினார். நாடோடி ஒருவன் வீட்டு வாயிலுக்கு வருகிறான். தனிமையில் வாடும் முதிய மங்கை அவனை உள்ளே அழைத்து, ஊணும் உறையுளும் தருகிறாள். அவனைத் தக்கவைத்துக்கொள்ளத் தானே திருடத் தொடங்குகிறாள். இறுதியில் அவன் வீட்டையே சுருட்டிக்கொண்டு பணிப்பெண்ணோடு போய்விடுகிறான். விருந்தோம்பல் என்ற பெயரில் பிறரை உடைமையாக்கிக்கொள்ள முயலும் உள்ளத்தை நகைப்போடு காட்டும் நாடகம் இது. கதவைத் திறப்பது மட்டும் போதாது, எதற்காகத் திறக்கிறோம் என்பதும் கேட்கப்பட வேண்டும் என்ற எண்ணம் இதிலேயே முளைவிட்டுள்ளது.

திறந்த கதவு

இனி ‘அமால்’ நாடகத்திற்கு வருவோம். என்.பி.சி. கேட்ட ஓபராவுக்குக் கரு கிடைக்காமல் மெனோட்டி தவித்த காலம் அது. நியூயார்க்கின் பெருநகர அருங்காட்சியகத்தில் ஹீரோனிமுஸ் போஷ் வரைந்த ‘ஞானியரின் வணக்கம்’ என்னும் ஓவியத்தின் முன் நின்றபோது, தம் இளமைக்கால இத்தாலி அவர் நினைவுக்கு வந்ததாம். அங்குக் குழந்தைகளுக்குப் பரிசு கொண்டு வருவோர் மூன்று அரசர்களே என்பது நம்பிக்கை.

மத்தேயு நற்செய்தியின் இரண்டாம் அதிகாரம் ஞானியர் எத்தனை பேர் என்று கூறவில்லை. அவர்கள் பெயரையும் கூறவில்லை. அரசர் என்றும் கூறவில்லை. இவையெல்லாம் திருச்சபையின் மரபு தந்த செல்வங்கள். எருசலேமுக்கு வருமுன் அவர்கள் எங்கெங்குத் தங்கினார்கள் என்பதைப் பற்றியும் நற்செய்தி மௌனமாக இருக்கிறது. அந்த மௌனத்திற்குள் மெனோட்டி ஒரு குடிசையைக் கட்டுகிறார்.

குடிசையில் ஒரு கைம்பெண்ணும் அவள் மகன் அமாலும் வாழ்கின்றனர். அமால் ஊன்றுகோலின்றி நடக்க இயலாதவன், குழல் ஊதுபவன், கற்பனைக் கதைகளை அள்ளி விடுபவன். ஆடும் விற்றாயிற்று. விளக்குக்கு எண்ணெய் இல்லை. அடுப்புக்கு விறகு இல்லை. நாளை முதல் பிச்சை எடுக்கச் செல்ல வேண்டியதுதான் என்ற நிலை. வானில் வாலுடன் கூடிய பெரிய விண்மீனைக் கண்டதாகச் சிறுவன் கூறுகிறான், தாய் நம்பவில்லை. கதவு தட்டப்படுகிறது. திறந்து பார்த்த சிறுவன் வாயிலில் ஓர் அரசர் நிற்கிறார் என்கிறான், தாய் நம்பவில்லை. மீண்டும் பார்த்துவிட்டு இரண்டு அரசர் என்கிறான். பின்னர் மூன்று என்கிறான். ஒவ்வொரு முறையும் தாயின் சினம் ஏறுகிறது. வாழ்நாளெல்லாம் பொய் சொன்ன சிறுவன் உண்மையைச் சொல்லும்போது கேட்பாரில்லை. முடிவில் தாயே எழுந்து வந்து பார்க்கிறாள்.

இந்தக் காட்சியை நகைச்சுவையாக மட்டும் எடுத்துக்கொள்வது எளிது. ஆனால் அதன் உள்ளே ஒரு வேதனை இருக்கிறது. நல்லது எதுவும் தன் வாயிலுக்கு வரும் என்று எதிர்பார்க்கும் ஆற்றலையே வறுமை அத்தாயிடமிருந்து பறித்துவிட்டது. மகன் பொய் சொல்கிறான் என்பது மட்டுமன்று அவள் நம்பாமைக்குக் காரணம். நம்பி ஏமாற அவளிடம் மிச்சம் எதுவும் இல்லை.

அரசர்கள் வந்தபின் நடப்பது இன்னும் வியப்பு. செல்வரை ஏழைகள் உபசரிக்கிறார்கள். அண்டை அயலிலுள்ள இடையர்கள் தங்களால் இயன்ற கனிகளையும் உணவையும் கொண்டுவந்து கொடுத்து ஆடிப் பாடுகிறார்கள். பொன்னும் தூபமும் வெள்ளைப்போளமும் மூட்டையில் இருக்க, அவற்றின் உரிமையாளர் இடையரின் பழத்தைப் பெற்று நன்றி கூறுகின்றனர்.

திருடிய தாய்

நாடகத்தின் உயிர்நிலை இதற்குப் பிறகே வருகிறது. எல்லாரும் உறங்கிவிட்டனர். தாய் மட்டும் விழித்திருக்கிறாள். அவள் கண்ணெதிரே பொன் கிடக்கிறது. முகமறியாத ஏதோ ஒரு குழந்தைக்காக இவ்வளவு பொன் எடுத்துச் செல்லப்படுகிறது. தன் குழந்தையோ பசித்திருக்கிறது. இதில் ஒரு துளி இருந்தால் அவனுக்கு என்னவெல்லாம் செய்யலாம் என்று எண்ணுகிறாள். பொன்னைக் கொண்டு என்ன செய்யலாம் என்பது செல்வர்க்குத் தெரியுமா என்று ஏங்குகிறாள். கை நீள்கிறது. பணியாள் விழித்துக் கூச்சலிடுகிறான். ஊன்றுகோலோடு அமால் பாய்ந்து பணியாளைத் தாக்கித் தாயைக் காக்க முயல்கிறான்.

கிறிஸ்து பிறப்பு நாடகம் ஒன்றில் இத்தகைய காட்சியை வைக்கத் துணிவு வேண்டும். மாட்டுக்குடிலுக்குச் செல்லும் காணிக்கையில் கைவைக்கிறாள் ஒரு தாய். நாமாக இருந்தால் அவளை எவ்வாறு நடத்தியிருப்போம்? கோவில் உண்டியலில் கைவைத்தவரைப் பற்றி நம் ஊர்களில் பேசும் பேச்சை அறிவோம். ஆனால் மெல்கியோர் அரசர் பொன்னை அவளே வைத்துக்கொள்ளட்டும் என்கிறார். தாங்கள் தேடிச் செல்லும் குழந்தைக்குப் பொன் தேவையில்லை. அவருடைய ஆட்சி அன்பின்மேல் எழுப்பப்படுவது. ஏழையரே அதற்கு உரியவர் என்பது அவர் கூறும் விளக்கத்தின் சாரம்.

அதைக் கேட்ட தாய் பொன்னைத் திருப்பிக் கொடுத்துவிடுகிறாள். அத்தகைய அரசருக்காகத் தான் வாழ்நாளெல்லாம் காத்திருந்ததாகவும், தன்னிடம் ஏதேனும் இருந்திருந்தால் தானும் அனுப்பியிருக்கக் கூடும் என்றும் உணர்கிறாள். இங்கு இறையியலார் நெடிது விளக்கும் உண்மை ஒன்று ஒரு சிறு செயலில் அடங்கிவிடுகிறது. மன்னிப்பு முந்துகிறது, மனமாற்றம் பின்தொடர்கிறது. பொன்னைத் திருப்பித் தந்தால் மன்னிப்போம் என்று அரசர் பேரம் பேசவில்லை. மன்னிக்கப்பட்டவள் என்பதை அறிந்ததனாலேயே அவளால் கொடுக்க முடிகிறது. சக்கேயு வீட்டிலும் இதுவே நடந்தது. ஆண்டவர் அவர் வீட்டில் தங்க வந்தார். பின்னரே சக்கேயு தம் உடைமைகளைப் பகிர்ந்தளிக்க எழுந்து நின்றார்.

தாய்க்குக் கொடுக்க ஒன்றுமில்லை என்றதும் அமால் தன் ஊன்றுகோலை நீட்டுகிறான். தானே செய்த ஊன்றுகோல். அந்தக் குழந்தைக்கும் ஒன்று தேவைப்படலாம் அல்லவா என்கிறான். அதை நீட்டிக்கொண்டே ஓரடி எடுத்து வைக்கிறான், நடக்கிறான்.

புதுமை மலிவானதா?

இந்தப் புதுமையைப் பற்றித்தான் குறைகூறுவோர் மிகுதி. கண்ணீர் வரவழைக்கும் உத்தி என்பர். 1956இல் ஓபராக் கலையைப் பற்றிப் புகழ்பெற்ற நூல் ஒன்றை வெளியிட்ட ஜோசப் கெர்மன் என்னும் திறனாய்வாளர், மெனோட்டியைப் பரபரப்பை விரும்பும் மேலோட்டமான கலைஞர் என்ற வகையில் கடிந்தார். அக்கடுமையில் ஓரளவு உண்மை உண்டு; அதனைப் பின்னர்க் காண்போம். ஆனால் ‘அமால்’ நாடகத்தைப் பொறுத்தவரை அக்குற்றச்சாட்டு பொருந்தாது என்பதே நம் கருத்து. காரணங்கள் இரண்டு.

முதலாவது, சிறுவன் நலம் வேண்டி மன்றாடவில்லை. குணம் பெறுவதற்காக ஊன்றுகோலைக் கொடுக்கவும் இல்லை. ஏழைக் கைம்பெண் தன் பிழைப்புக்கு உரியதையே காணிக்கைப் பெட்டியில் இட்டதாக மாற்கு நற்செய்தியில் காண்கிறோம். அதுபோல் இவனும் தன்னைத் தாங்கும் ஒன்றையே கொடுக்கிறான். அதைக் கொடுத்தபின் அவன் தரையில் விழுந்திருக்க வேண்டும். விழத் துணிந்தவனே நடக்கிறான்.

இரண்டாவது காரணத்தை நாம் பெரிதும் வற்புறுத்த விரும்புகிறோம். புதுமைக்குப் பின் அந்தக் குடிசையின் நிலை என்ன? எண்ணெய் இல்லை, விறகு இல்லை, கைக்கு வந்த பொன்னும் திரும்பிப் போய்விட்டது. அன்றியும், நலம் பெற்ற மகன் தன் ஊன்றுகோலைத் தானே கொண்டுபோய்க் கொடுக்க அரசர்களோடு புறப்பட்டுவிடுகிறான். தாய் வாயிலில் தனியே நிற்கிறாள். மலிவான புதுமைக் கதையில் எல்லாக் குறைகளும் ஒரே நொடியில் தீரும். தாய்க்கு மாளிகை கிடைக்கும். இங்கோ புதுமை அவளிடமிருந்து இன்னும் ஒன்றைக் கேட்கிறது, மகனைக் கேட்கிறது. அவளும் விடை கொடுத்து அனுப்புகிறாள். அழகுவாயிலில் பிச்சை கேட்டு அமர்ந்திருந்த கால் ஊனமுற்றவரிடம், தம்மிடம் வெள்ளியும் பொன்னும் இல்லை என்ற பேதுருவை இங்கு நினையாமல் இருக்க இயலவில்லை. திருத்தூதர் பணிகள் நூலில் வரும் அம்மனிதரும் நடந்தார், செல்வராகவில்லை.

திறவாத கதவு

‘அமால்’ எழுதுவதற்கு ஓர் ஆண்டுக்கு முன், 1950இல், மெனோட்டி எழுதிய ‘துணைத் தூதர்’ என்னும் ஓபரா நியூயார்க்கின் பிராட்வே அரங்கில் 269 முறை நடைபெற்றது. அவ்வாண்டின் புலிட்சர் பரிசையும் பெற்றது. இதனையும் ‘அமால்’ நாடகத்தையும் அருகருகே வைத்துப் படித்தல் வேண்டும் என்பது நம் பரிந்துரை. ஒன்றை மட்டும் படித்தவர் மெனோட்டியைப் பாதியே அறிந்தவராவார்.

ஐரோப்பாவில் பெயர் சொல்லப்படாத கொடுங்கோல் நாடு ஒன்று. விடுதலைக்காகப் போராடும் ஜான் சொரெல் எல்லை கடந்து தப்புகிறான். அவன் மனைவி மக்தா, கைக்குழந்தையோடும் மாமியாரோடும் அயல்நாடு செல்ல அனுமதி கேட்டு, வேற்று நாட்டுத் துணைத் தூதரின் அலுவலகத்திற்கு வருகிறாள். அங்கே ஒரு செயலாளர் இருக்கிறார். விண்ணப்பம், நிழற்படம், சான்றிதழ், கையொப்பம், மீண்டும் விண்ணப்பம். நாள்கள் கழிகின்றன. குழந்தை இறக்கிறது, மாமியார் இறக்கிறார். துணைத் தூதரின் அறைக் கதவோ மூடியே இருக்கிறது. தாள்களைப் பற்றியும் மனிதரைப் பற்றியும் மக்தா பாடும் நீண்ட பாட்டு, இருபதாம் நூற்றாண்டு ஓபரா உரைகளில் மறக்கவொண்ணாத பகுதிகளுள் ஒன்று. அவள் தன் பெயரை, வயதை, தொழிலைச் சொல்லும் முறையிலேயே படிவம் ஒன்று மனிதரை எவ்வாறு தின்றுவிடும் என்பதைக் காட்டிவிடுகிறார் ஆசிரியர். கல்நெஞ்சு போல் இருந்த செயலாளரும் இளகி, முக்கிய விருந்தினர் ஒருவர் வெளியேறியதும் துணைத் தூதரைக் காணலாம் என்கிறார். கதவு திறக்கிறது. கைகுலுக்கி விடைபெற்று வெளியே வருபவர் மக்தாவின் குடும்பத்தை வேட்டையாடும் இரகசியக் காவல்துறை அதிகாரி! மக்தா மயங்கி விழுகிறாள். முடிவில் அவள் தன் வீட்டு அடுப்பின் எரிவாயுவைத் திறந்துவிட்டு உயிரை மாய்த்துக்கொள்கிறாள். துணைத் தூதரை நாம் ஒருமுறையும் காண்பதில்லை.

குடியேற அனுமதி மறுக்கப்பட்ட பெண் ஒருவரின் தற்கொலைச் செய்தியை நாளிதழில் படித்ததே இதன் தூண்டுதல் என்பர். இரண்டாம் உலகப் போருக்குப்பின் ஐரோப்பாவில் வீடிழந்து நாடிழந்து நின்றோரின் வரிசை அது. அந்த வரிசை இன்றும் முடிந்துவிடவில்லை என்பதை நம் வாசகர்க்கு நாம் சொல்ல வேண்டியதில்லை.

செயலாளர் என்ற பாத்திரத்தை மெனோட்டி அரக்கியாக்கவில்லை. இது அவருடைய நேர்மை. அவர் விதியை மீறாத பணியாளர்; அவ்வளவே. தீமை இங்குக் கொம்போடும் வாலோடும் வரவில்லை. ஒழுங்காக அடுக்கிய கோப்புகளோடு வருகிறது. சான்றிதழ் கேட்டு வருவோர் காத்திருக்கும் இருக்கை நம் பங்கு அலுவலகங்களிலும் உண்டு. நம் பள்ளிகளிலும் மருத்துவமனைகளிலும் உண்டு. அவ்விருக்கையில் அமர்ந்திருப்பவர் மக்தாவாக உணர்கிறாரா, அமாலின் குடிசைக்கு வந்த விருந்தினராக உணர்கிறாரா என்பது நாம் அனைவரும் எண்ணிப் பார்க்கத் தக்கது.

பக்தியின் வாயிற்படி

1954இல் வந்த ‘பிளீக்கர் தெருவின் புனிதை’ கத்தோலிக்க வாசகரை இன்னும் நெருக்கமாகத் தொடுவது. 1955இன் புலிட்சர் பரிசைப் பெற்றது. நியூயார்க்கின் இத்தாலியர் குடியிருப்பில் வாழும் நோயாளிப் பெண் அன்னினா ஆண்டவரின் காயங்களைத் தன் உடலில் பெறுகிறாள். அயலார் அவளைப் புனிதையாக எண்ணிப் படுக்கையைச் சூழ்கின்றனர். அவள் அண்ணன் மிக்கேலே இதையெல்லாம் நம்பாதவன். தங்கையை மருத்துவரிடம் சேர்க்கத் துடிப்பவன். திருவிழாப் பவனிக்கு அவளை வலிய எடுத்துச் செல்லும் கூட்டம் அண்ணனைக் கட்டிப் போட்டுவிடுகிறது. முடிவில் அன்னினா துறவுக் கோலம் பெறும் வேளையில் உயிர் துறக்கிறாள்.

காயங்கள் கடவுள் தந்தவையா, நோயின் விளைவா? ஆசிரியர் தீர்ப்புக் கூறவில்லை. பங்குக் குருவாக வரும் தோன் மார்க்கோவும் தீர்ப்பிடுபவராக அன்றி வழிகாட்டுபவராகவே நிற்கிறார். இத்தகைய நிகழ்வுகளில் திருச்சபை காட்டும் பொறுமையான எச்சரிக்கையோடு இது இணங்கிச் செல்கிறது. இந்நாடகம் எழுதப்பட்ட காலத்தில் ஐந்து காய வரம் பெற்ற பியோ அடிகளார் இத்தாலியில் வாழ்ந்துகொண்டிருந்தார். அவரை 2002இல் திருச்சபை புனிதராக அறிவித்தது. அதற்கு முன் அவரும் நீண்ட சோதனைகளைக் கடந்தவரே.

இந்நாடகத்திலும் ஒரு வாயில் உண்டு. திருமண விருந்து நடக்கும் மண்டபத்தினுள் வர, மிக்கேலேயின் காதலி தெசிதேரியாவுக்கு இடமில்லை. மணமின்றி அவனோடு வாழ்பவள் என்று ஊர் அவளை ஒதுக்கிவைத்திருக்கிறது. காயம் பட்ட கைகளைத் தொட்டு முத்தமிட விழையும் அதே மக்கள், காயப்பட்ட பெண்ணொருத்தியை வெளியே நிறுத்துகின்றனர். அந்த வாயிற்படியில் பிறந்த சண்டையே கொலையில் முடிகிறது. கெர்மன் கூறிய பரபரப்பு இந்நாடகத்தில் உண்டு என்பதை மறுப்பதற்கில்லை. கத்திக்குத்து, ஓட்டம், மரணம் என்று நிகழ்ச்சிகள் ஒன்றையொன்று நெருக்குகின்றன. அன்னினாவின் உள்ளத்தைக் கேட்க அமைதி கிடைப்பதில்லை. ‘அமால்’ நாடகத்தில் ஒரு தாயின் விழித்திருத்தலுக்குக் கிடைத்த இடம் இங்கு ஒரு புனிதைக்குக் கிடைக்கவில்லை.

இதைவிடப் பெரிய குறை 1963இல் பாரீசில் அரங்கேறிய ‘கடைசிக் காட்டுமனிதன்’ என்னும் நகைச்சுவை ஓபராவில் காணப்படுகிறது. இந்திய மகாராசா ஒருவரின் அரண்மனையில் கதை நிகழ்கிறது. மேலை நாகரிகத்தை எள்ளுவதே ஆசிரியர் நோக்கம். ஆனால் அவர் காட்டும் இந்தியா யானையும் அரண்மனையுமாக அமைந்த பழைய பொம்மை இந்தியா. தாம் பிறந்த நாட்டுச் சிற்றூரையும் தாம் வாழ்ந்த நகரத்துத் தெருவையும் எழுதும்போது உண்மை பேசிய எழுதுகோல், தாம் அறியாத நாட்டை எழுதும்போது விளையாட்டுக்காட்டிற்று. திறனாய்வாளர் அதனைக் கடிந்ததில் வியப்பில்லை.

மீண்டும் சிறு திரையில்

அதே 1963இல் என்.பி.சி.க்காக அவர் எழுதிய ‘புதிர்மனை’, மேடையில் நடிக்க இயலாத வகையில் தொலைக்காட்சி உத்திகளையே நம்பி அமைக்கப்பட்டது. புதுமணத் தம்பதியர் தங்கும் விடுதி ஒன்றில் தங்கள் அறையின் சாவியைத் தேடி அலைகின்றனர். வழியெங்கும் விந்தை மனிதர்கள். எவரிடமும் சாவி இல்லை. தேடலின் எல்லையில் சாவு நிற்கிறது. மீண்டும் திறவாத கதவு! எண்ணம் ஆழமானது, ஆனால் பாத்திரங்கள் கருத்துகளின் நிழல்களாகவே நின்றுவிடுகின்றன. பசியும் குளிரும் அறிந்த அமாலின் தாயைப் போல் ஒருவரும் அதில் இல்லை.

1964இல் இங்கிலாந்தின் பிரிஸ்டல் பேராலயத்தில் நடந்து, மறு ஆண்டு சி.பி.எஸ். தொலைக்காட்சியில் வந்த ‘மார்ட்டினின் பொய்’ அவரை மீண்டும் தம் நிலத்திற்குக் கொண்டுவந்தது. சமயப் பூசல் மலிந்த பழங்கால ஐரோப்பாவில் அனாதைச் சிறுவன் ஒருவன், திரிபுக் கொள்கையினன் என்று துரத்தப்படும் மனிதனுக்குக் கதவைத் திறந்து ஒளித்து வைக்கிறான். தேடி வந்தோரிடம் பொய் சொல்கிறான். அச்சுறுத்தப்பட்டும் காட்டிக்கொடாமலே இறக்கிறான். பொய் பாவம் என்று கற்பிக்கும் நாம் இச்சிறுவனைப் பற்றி என்ன கூறுவோம்? அறநெறி இறையியலில் நெடுங்காலம் வாதிக்கப்பட்ட வினா இது. புனித அகுஸ்தினார் எந்தப் பொய்யையும் ஏற்றாரல்லர். அவரை மறுக்க நாம் முற்படவில்லை. ஆனால் கதவுக்கு வெளியே நிற்கும் ஓர் உயிரைக் கண்ட குழந்தையின் இதயத்தை இறைவன் எவ்வாறு நோக்குவார் என்பதை நாடகம் கேட்காமல் கேட்கிறது.

‘அமால்’ நாடகத்தின் பிற்கால வரலாறும் குறிப்பிடத் தக்கது. 1952 பிப்ரவரியிலேயே இந்தியானா பல்கலைக்கழகத்தில் மேடையேறிய அது, ஆண்டுதோறும் கிறிஸ்து பிறப்புக் காலத்தில் தொலைக்காட்சியிலும் வந்துகொண்டிருந்தது. 1963இல் நிறுவனம் ஆசிரியர் அயல்நாட்டில் இருந்தபோது, அவரின்றியே புதிதாகப் பதிவு செய்து ஒளிபரப்பிற்று. அவர் மனம் நொந்தார். உரிமை 1966இல் தம்மிடம் திரும்பியதும் அப்பதிவை மீண்டும் காட்ட இசையவில்லை. அமாலாக நடிப்பவன் எப்போதும் சிறுவனாகவே இருத்தல் வேண்டும் என்பதிலும் அவர் உறுதியாக இருந்தார். பெண்ணொருத்தி சிறுவன் வேடமிட்டுப் பாடினால் இனிமை கூடலாம். ஆனால் ஊன்றுகோலை நீட்டும் கை உண்மையிலேயே குழந்தையின் கையாக இருக்காது. சொல்லுக்கும் செயலுக்கும் இடையே பொய் நுழையக் கூடாது என்ற கவலையை நாம் மதிக்கிறோம்.

சமூகத் தொடர்புச் சாதனங்கள் பற்றிய இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் ஆணை வெளியானது 1963ஆம் ஆண்டு டிசம்பர் 4ஆம் நாள். அதற்குச் சில ஆண்டுகள் முன்னரே, 1950களின் இறுதியில், திருத்தந்தை 12ஆம் பத்திநாதர் தொலைக்காட்சியின் பாதுகாவலியாக அசிசியின் புனித கிளாராவை அறிவித்தார். கிறிஸ்து பிறப்பு இரவில் நோயுற்றுப் படுத்திருந்த கிளாரா, கோவிலில் நடந்த வழிபாட்டைத் தம் அறையிலிருந்தே கண்டார் என்ற மரபே அதற்குக் காரணம். தொலைவில் இருப்பவரை, நடக்க இயலாதவரை, வழிபாட்டு மக்களோடு சேர்ப்பதே இச்சாதனத்தின் சிறந்த பயன் என்பது அதனுள் அடங்கிய எண்ணம். நடக்க இயலாத சிறுவனின் கதையை அதே இரவில் இலட்சக்கணக்கான இல்லங்களுக்குக் கொண்டு சென்ற ஒளிபரப்பு, அந்த எண்ணத்துக்கு முன்னதாகவே கிடைத்த நல்ல எடுத்துக்காட்டு எனலாம்.

நம்பிக்கையைத் தழுவாத ஒருவர் எழுதிய நாடகத்தைப் பங்கு மக்கள் எடுத்து நடிக்கலாமா என்று கேட்போர் உண்டு. நம் விடை இது: எழுதியவர் மனத்தின் ஆழத்தை இறைவன் ஒருவரே அறிவார், நம் கையில் உள்ளது எழுத்து. அந்த எழுத்து, திருடிய தாயை மன்னிக்கும் அரசரைக் காட்டுகிறது. தாள்களுக்குப் பின்னே மனிதர் மறைக்கப்படுவதைக் காட்டுகிறது. பக்தி நிறைந்த மண்டபத்தின் வெளியே நிற்கும் பெண்ணைக் காட்டுகிறது. இவற்றைக் காண நமக்குக் கண் வேண்டும் என்பதே கேள்வி. காட்டியவர் எங்கு வழிபட்டார் என்பதன்று. ஐயத்தோடு வாழ்ந்தவர் ஒருவர், நம்பிக்கையாளராகிய நாம் எளிதில் மறந்துவிடும் பகுதிகளை நினைவூட்டுவது இது முதன்முறையும் அன்று.

வரும் கிறிஸ்து பிறப்புக் காலத்தில் நம் இளைஞர் குழுக்கள் இந்நாடகத்தை எளிய தமிழில் ஆக்கி நடிக்க முன்வரின் வரவேற்போம். ஒரு வேண்டுகோள் மட்டும்: சிறுவன் நடக்கும் காட்சிக்கு ஒளியும் மணியோசையும் சேர்க்கும் ஆர்வத்தில், தாய் விழித்திருக்கும் காட்சியைச் சுருக்கிவிடாதீர்கள். அக்காட்சி நீளட்டும். அவள் பொன்னைப் பார்க்கும் நேரம் முழுவதும் நாமும் அவளைப் பார்த்துக்கொண்டிருப்பது நல்லது.